தண்ணீர் வரும் தேதியும் கால்ஷீட் தேதியும்: டெல்டாவில் இருந்துகொண்டு ஆவணப்படம் எடுக்க, இடையில் நடிக்க

என் அலமாரியில் இரண்டு கணக்கு நோட்டு இருக்கிறது. ஒன்றில் மேட்டூர் நீர்மட்டம், கல்லணை திறந்த தேதி, எங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வந்த நாள், அன்றன்று நான் படம்பிடித்த நேரம். இன்னொன்றில் கால்ஷீட், பேட்டா, வர வேண்டிய பாக்கி. முதல் நோட்டில் பணம் வெளியே போகும். இரண்டாவதில் உள்ளே வரும், வந்தால். பதினான்கு வருஷமாக இப்படித்தான் ஓடுகிறது. நீடாமங்கலத்துக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில் குடியிருந்துகொண்டு ஆவணப்படம் எடுக்கிறேன். சினிமாவிலும் சீரியலிலும் அம்மாவாக நடிக்கிறேன். முதல் அம்மா வேடம் வந்தபோது எனக்கு முப்பத்திரண்டு வயது. மகனாக நடித்தவர் என்னைவிட நாலு வயது மூத்தவர்.

"எப்படிக்கா இந்தத் தொழிலுக்கு வர்றது?" என்று கேட்டு வருகிற பிள்ளைகளிடம் டீக்கடை பெஞ்சில் சொல்வதைத்தான் இங்கே எழுதுகிறேன். ஒவ்வொரு தடவையும் ஏதாவது ஒன்றை விட்டுவிடுகிறேன், அதனால்தான்.

கல்யாண வீடியோவை மட்டமாக நினைக்காதீர்கள்

மன்னார்குடியில் என் சித்தப்பா மகன் வைத்திருந்த ஸ்டுடியோவில் நாலு வருஷம் கல்யாண வீடியோ எடிட் செய்தேன், ஆள் பற்றாத முகூர்த்தங்களில் கேமராவும் பிடித்தேன். ஆவணப்படத்துக்கு அதைவிட நல்ல பள்ளிக்கூடம் எனக்குத் தெரியாது. கெட்டிமேளம் காதில் விழுந்த பிறகு கேமராவை ஆன் செய்தால் தாலி முடிச்சு போய்விடும். சித்தப்பா மகன் எனக்குச் சொன்ன முதல் பாடம், நாயனக்காரர் பக்கத்தில் போய் நில் என்பது. மண்டபத்தில் எல்லோரும் பொண்ணு மாப்பிள்ளையைப் பார்ப்பார்கள். நாயனக்காரரோ மாப்பிள்ளையின் கையை மட்டும் பார்த்துக்கொண்டிருப்பார். அவர் உதட்டில் சீவாளியை வைக்கிற வேகம் மாறினால் ஏதோ நடக்கப்போகிறது. எந்த இடத்திலும் அப்படி ஒரு ஆள் இருப்பார். அவரைக் கண்டுபிடித்து அவர் தோளுக்குப் பின்னால் நிற்கப் பழகுங்கள்.

இன்னொரு லாபமும் உண்டு. ஆடி, புரட்டாசி, மார்கழியில் முகூர்த்தம் கிடையாது. கேமரா சும்மா கிடக்கும், வாடகை கேட்க யாரும் வர மாட்டார்கள். என் முதல் படத்தில் பாதிக்கு மேல் அந்த மூன்று மாதங்களில் எடுத்ததுதான்.

எதை எடுப்பது, எப்போது எடுப்பது

முதல் படத்துக்கு உங்கள் வண்டியில் அரை மணி நேரத்தில் போய்ச் சேரக்கூடிய விஷயத்தை எடுங்கள். இருபது தடவை போக வேண்டியிருக்கும். சுவாமிமலையில் சிலை வார்க்கும் பட்டறை, நரசிங்கன்பேட்டையில் நாகஸ்வரம் செய்கிற வீடு, வேதாரண்யத்து உப்பளம் என்று கைக்கெட்டுகிற தூரத்தில் எவ்வளவோ இருக்கிறது. ஆனால் சுவாமிமலைக்குக் கேமராவோடு வருகிற எல்லோரும் உருக்கிய உலோகத்தை ஊற்றுகிற அந்த ஒரு நிமிஷத்தைத்தான் எடுத்துக்கொண்டு போகிறார்கள். காவிரி வண்டலை மெழுகில் செய்த உருவத்தின் மேல் மெலிசாகப் பூசிவிட்டுக் காயக் காத்திருக்கிற நாட்கள் யாருடைய படத்திலும் நீளமாக வருவதில்லை. தென்னை ஓலை நறுக்கை மடித்து மடித்து அளவு எடுப்பார்கள், ஒடியோலை என்று பெயர். அந்த விரல்களை ஒரு முழுக் காலை நேரம் பார்த்துக்கொண்டிருக்க உங்களுக்குப் பொறுமை இருந்தால் விஷயம் கிடைத்துவிட்டது.

நான் எடுத்துக்கொண்டது தண்ணீர். டெல்டாவில் தண்ணீரைப் படம் எடுக்கப் போகிறவர் லென்ஸ் வாங்கும் முன் காலண்டரைப் பார்க்க வேண்டும். மேட்டூர் அணையை ஜூன் 12ஆம் தேதி திறப்பது வழக்கம். அந்த வழக்கத்தை நம்பி ஆள் புக் பண்ண முடியாது. 2012இல் செப்டம்பரில்தான் திறந்தார்கள். எட்டு வருஷம் தவறி 2020இல்தான் மறுபடி ஜூன் 12 வந்தது. 2022இல் மே 24ஆம் தேதியே திறந்துவிட்டார்கள். 2024இல் ஜூலை 28.

அங்கே திறந்த தண்ணீர் மூன்று நான்கு நாளில் கல்லணைக்கு வரும். அங்கிருந்து காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று பிரியும். (கல்லணைக் கால்வாய் என்று சொன்னால் எங்கள் ஊர்ப் பெரியவர்கள் ஒரு நொடி யோசிப்பார்கள், அவர்களுக்கு அது புதுஆறு.) நீடாமங்கலம் பக்கம் மூணாறு தலைப்பில் (ஆறு பிரிகிற இடத்து மதகைத் தலைப்பு என்போம்) வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று இன்னொரு தடவை பிரிகிறது. அப்புறம் வாய்க்கால், கிளை வாய்க்கால். தலைஞாயிறு, வேதாரண்யம் பக்கத்துக் கடைமடைக்கு, அதாவது தண்ணீர் கடைசியாக எட்டுகிற வயல்களுக்குப் போய்ச் சேர்வதற்குள் வாரங்கள் ஓடிவிடும்.

காய்ந்த வாய்க்காலில் முதல் தண்ணீர் வருவதைப் பார்த்திருக்கிறீர்களா? பாய்ந்து வராது. மனிதர் நடக்கிற வேகம்கூட இருக்காது. நுரை, சருகு, பிளாஸ்டிக் டம்ளர், செத்த எலி எல்லாவற்றையும் முன்னால் தள்ளிக்கொண்டு, வெடிப்புக்குள் இறங்கிக் குமிழி விட்டு, மறுபடி மேலே வந்து நகரும். பிள்ளைகள் அதற்கு முன்னால் பின்பக்கமாக நடந்து போவார்கள். வருஷத்தில் ஒரே ஒரு தடவை, ஒரு இடத்தில் இருபது நிமிஷம். 2024இல் எனக்குச் சென்னையில் நாலு நாள் கால்ஷீட், அட்வான்ஸும் வாங்கியாகிவிட்டது. தண்ணீர் சரியாக அந்த நாலு நாளுக்குள் வந்தது. அக்கா மகனுக்குப் போன் போட்டு, "போனைப் படுக்கையாப் புடி, ஒரே இடத்துல நில்லு, பேசாதே" என்று மூன்றே கட்டளை சொன்னேன். அவன் எடுத்த ஏழு நிமிஷம்தான் இப்போது என் கையில் இருக்கிற காட்சிகளிலேயே சிறந்தது. எனக்குக் கொஞ்சம் பொறாமைகூட. ஆகவே, உங்களுக்குப் பதிலாக நிற்க ஊரில் ஒரு ஆளைப் பழக்கி வையுங்கள். நடிக்கப் போகிறவருக்கு இது கட்டாயம்.

பேச வைப்பது

என் முதல் படம் ஒரு லஸ்கரைப் பற்றியது. ஆற்றுத் தலைப்புகளில் ஷட்டரை ஏற்றி இறக்குகிறவருக்கு இங்கே லஸ்கர் என்று பெயர். வெண்ணாற்றின் ஒரு கிளையில், சின்னத் தலைப்பு ஒன்றில் வேலை பார்த்தவர். ஓய்வு பெற இரண்டு வருஷம் இருந்தது.

முதல் நாள் நாற்காலி போட்டு, பின்னால் ஆறு தெரிகிற மாதிரி உட்காரவைத்து, "உங்க அனுபவத்தைச் சொல்லுங்க மாமா" என்றேன். அவர் எழுந்து நின்றுகொண்டார். சட்டைப் பொத்தானைக் கழுத்து வரை போட்டார். மேலதிகாரிக்கு வாக்குமூலம் கொடுப்பது போல் பெயர், தகப்பனார் பெயர், பணியில் சேர்ந்த நாள் என்று ஒப்பித்துவிட்டு, "அவ்வளவுதாம்மா" என்றார். நாற்பது நொடி.

மூன்றாவது வாரம் அவர் திருகுக் கம்பிக்குக் கிரீஸ் பூசிக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் டப்பாவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சக்கரத்தைச் சுற்றும்போது நடுவில் நிறுத்தி, உள்ளங்கையைக் கம்பியின் மேல் வைத்தார். கண்ணை மூடவில்லை, எங்கோ தெருப்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். "அடியில கட்டை மாட்டிருக்கு" என்றார். தண்ணீர் கலங்கல், ஒன்றும் தெரியவில்லை. கொக்கிக் கழியை விட்டுத் துழாவினால் நிஜமாகவே ஒரு பூவரச மரக் கிளை. "எத்தனை சுத்துக்கு மாமா ஒரு அங்குலம் ஏறும்?" என்று கேட்டேன். அந்தக் கேள்விக்கு அவர் நாற்பது நிமிஷம் பதில் சொன்னார். சுற்றில் ஆரம்பித்தவர், முறைப்பாசனத்தில் எந்த ஊருக்கு எத்தனை நாள் என்பதற்குப் போனார். ராத்திரி இரண்டு மணிக்குப் பக்கத்து ஊர்க்காரர்கள் டார்ச் லைட்டோடு வந்து நின்றதைச் சொன்னார். மகளின் கல்யாண நாளன்று வெள்ளம் வந்து ஷட்டரை விட்டு நகர முடியாமல் போனதில் கொண்டுவந்து முடித்தார்.

அன்றிலிருந்து நான் யாரையும் சும்மா உட்காரவைத்துப் பேட்டி எடுப்பதில்லை. கையில் வேலை இருக்கும்போது கேளுங்கள். எத்தனை, எந்தப் பக்கம், யார் சொல்லிக்கொடுத்தது என்று சின்னச் சின்னதாகக் கேளுங்கள். "எப்படி உணர்ந்தீர்கள்" என்று கேட்டால் டிவியில் பேசுவது போலத்தான் பேசுவார்கள்.

நடிப்பு எனக்கு உதவியதும் இந்த இடத்தில்தான். முப்பது பேர் யூனிட் சுற்றி நிற்க, லைட் சூடு முகத்தில் அடிக்க, "இயல்பா இருங்கம்மா" என்று யாராவது சொன்னால் வயிற்றுக்குள் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். ஆகவே அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொல்வதில்லை.

நடிப்பு கெடுத்த கதையும் உண்டு. ஒரு சீரியலில் ஆறு மாதம் கொடுமைக்கார மாமியாராக வந்தேன். அந்த வருஷம் நடவு எடுக்கக் கேமராவோடு வயலுக்குப் போனால், வரப்பிலேயே ஒரு பெரியம்மா மறித்துக்கொண்டார். "அந்தப் புள்ளைய ஏண்டி அந்தப் பாடு படுத்துற?" என்று கேட்டு, நிஜமாகவே முதுகில் ஒன்று வைத்தார். அப்புறம் எல்லோரும் சிரித்து, தலை சீவி, பொட்டு சரிசெய்து, கேமராவைப் பார்த்துச் சத்தமாகப் பாட ஆரம்பித்துவிட்டார்கள். ஒன்றும் உருப்படவில்லை. கேமராவை வீட்டில் வைத்துவிட்டு அடுத்த ஐந்து நாள் அவர்களோடு நடவுக்கு இறங்கினேன். இரண்டாம் நாள் இடுப்பு நிமிரவில்லை. என் வரிசை மட்டும் கோணல்மாணலாகப் போனதைப் பார்த்து, "அது சினிமா நடவு" என்று பெயர் வைத்தார்கள். ஆறாம் நாள் கேமராவைத் தூக்கியபோது யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

முதல் டீயை எங்கே குடிக்கிறீர்கள்

இதைச் சினிமாப் பள்ளிகளில் சொல்லிக்கொடுப்பார்களா தெரியாது. ஒரு கிராமத்துக்குள் நீங்கள் யார் வீட்டு வாசலில் முதலில் வண்டியை நிறுத்துகிறீர்களோ, அந்தத் தெருவின் ஆளாகத்தான் கடைசி வரை பார்க்கப்படுவீர்கள். பெரிய வீட்டுத் திண்ணையில் காபி குடித்துவிட்டுக் காலனித் தெருவுக்குப் போனால் உங்களுக்கு மரியாதை கிடைக்கும், பேச்சுக் கிடைக்காது. நான் முதலில் காலனியிலோ, இரண்டு தெருவுக்கும் பொதுவான பஸ் நிறுத்தக் கடையிலோதான் டீ குடிக்கிறேன். இதனால் சில வீடுகளில் எனக்கு இன்று வரை காபி கிடைத்ததில்லை. பரவாயில்லை.

கீழ்வெண்மணியில் 1968 டிசம்பர் 25 அன்று தலித் கூலித் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேரைக் குடிசையில் வைத்துக் கொளுத்தினார்கள். வருஷாவருஷம் அந்தத் தேதிக்குக் கேமராக்கள் வரும், சாயங்காலம் பஸ் ஏறிப் போய்விடும். நீங்களும் போவதென்றால் ஏதாவது ஒரு சாதாரணச் செவ்வாய்க்கிழமை போங்கள், கேமரா இல்லாமல்.

ஒப்புதலை எழுத்தில் வாங்குங்கள். கையெழுத்துப் போடத் தயங்குகிறவர்களிடம், அவர்கள் வார்த்தையிலேயே "எடுக்கலாம், ஊருக்குக் காட்டலாம்" என்று கேமரா முன் சொல்லச் சொல்லுங்கள். அதோடு முடிந்ததாக நினைக்க வேண்டாம். எடிட் முடிந்ததும் அவர்கள் வரும் பகுதியை அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். ஒரு அக்கா தன் மகனின் கடனைப் பற்றிப் பேச்சுவாக்கில் சொன்னதைப் படத்தில் வைத்துவிட்டேன். பேப்பரில் கைநாட்டு இருந்தது, சட்டப்படி என் பக்கம் சரிதான். படம் ஒரு விழாவுக்குப் போன பிறகு, அவனுக்குப் பெண் பார்க்கிறார்கள், எடுத்துவிடு தங்கச்சி என்று வந்து நின்றார். பதினொரு நொடி. எடுத்துவிட்டேன். மறுபடி சவுண்ட் மிக்ஸ் செய்ய 6,000 ரூபாய் ஆனது. முன்கூட்டியே போட்டுக் காட்டியிருந்தால் ஆகாத செலவு.

கருவி

சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் வருகிற பிள்ளைகள் முக்கால் நேரம் இதைத்தான் கேட்கிறார்கள். பழைய கேமரா போதும். நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 வையுங்கள்; நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப் லைட் துடிக்காது. பகல் வெயிலில் அந்த ஷட்டர் வேகத்துக்கு வெளிச்சத்தைக் குறைக்கிற என்.டி. ஃபில்டர் இல்லாமல் முடியாது, தேங்கிய வயல் தண்ணீர் இன்னொரு சூரியன் மாதிரி. காசு இருந்தால் சவுண்டுக்குப் போடுங்கள். படம் கொஞ்சம் ஆடினால் பார்க்கிறவர் மன்னிப்பார், பேச்சுக் கேட்கவில்லை என்றால் எழுந்து போய்விடுவார். மைக்குக்குக் காற்றிரைச்சலைத் தடுக்கிற மயிர்த்தொப்பி மாட்டாமல் வயலுக்குப் போகாதீர்கள். சேலை கட்டியவர்களுக்குக் காலர் மைக்கை முந்தானையில் மாட்டினால் உரசும். ரவிக்கையின் உள்விளிம்பில், ஊக்கால் குத்தி, வயரில் ஒரு சுழி விட்டு மாட்டுங்கள். நடவு செய்கிறவருக்குக் குனியும்போது மைக் தாடையில் இடிக்கும், ஆகவே தோள்பட்டைப் பக்கம். சேற்றிலிருந்து கால் பிடுங்குகிற அந்த உறிஞ்சல் சத்தத்தைத் தனியாக, படம் இல்லாமல் பத்து நிமிஷம் பதிவு செய்து வைத்துக்கொள்ளுங்கள்.

ஆடியில் ஆறு நிறைந்திருக்கும், முகூர்த்தமும் இல்லை, ஆனால் ஊரெங்கும் அம்மன் கோயில் குழாய் ஸ்பீக்கர். காட்சிகளை ஆடியில் எடுங்கள், பேட்டியை ஆவணிக்குத் தள்ளுங்கள். டீக்கடையில் பேட்டி என்றால் முதலில் பாட்டை நிறுத்தச் சொல்லுங்கள். பின்னணியில் இரண்டு வரி சினிமாப் பாட்டு கேட்டாலும் யூடியூபில் உரிமைக்காரர் வந்து நிற்பார், நடுவில் வெட்டவும் முடியாது.

நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் 4கே எடுத்தால் மணிக்கு 45 ஜிபி. ஒரு டெராபைட் டிஸ்க்கில் ஏறக்குறைய 22 மணி நேரம். எல்லாவற்றையும் இரண்டு பிரதி, இரண்டு ஊரில். 2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயலில் எங்கள் வீட்டு ஓடு பறந்தது. அலமாரிக்குள் தண்ணீர் இறங்கி, பதினொரு மணி நேரக் காட்சி போனது. அதில் அந்த லஸ்கர் மாமாவின் மனைவி பேசியதும் இருந்தது. அவர் இப்போது இல்லை. இரண்டாவது டிஸ்க் இப்போது திருச்சியில் தங்கை வீட்டுப் பீரோவில், பட்டுப் புடவைக்கு அடியில் இருக்கிறது.

நடிப்பில் சம்பாதிப்பது

பயிற்சி வேண்டுமென்றால் தஞ்சாவூர் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் நாடகத்துறை இருக்கிறது, விசாரியுங்கள். சென்னைக்குப் போனால்தான் நடிப்பு வரும் என்று யாராவது சொன்னால், 1977இல் சென்னையில் கூத்துப்பட்டறையைத் தொடங்கிய ந.முத்துசாமி நம் மாயவரம் பக்கத்துப் புஞ்சைக்காரர் என்று சொல்லுங்கள். நான் கற்றதெல்லாம் கோயில் திருவிழா நாடகத்தில், மைக் வேலை செய்யாத மேடையில்.

மூன்று போட்டோ போதும்: முகம், இடுப்பு வரை, முழு உருவம். மேக்கப் வேண்டாம், காட்டன் புடவை. கூடவே ஒரு நிமிஷ வீடியோ, ஜன்னல் வெளிச்சத்தில். கோ-டைரக்டர்கள் பார்ப்பது முதல் பத்து நொடியைத்தான். வேடம் வாங்கித் தருகிறேன், யூனியன் கார்டு போட்டுத் தருகிறேன் என்று பணம் கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள். கதை சொல்ல ராத்திரியில் ஓட்டல் அறைக்குக் கூப்பிட்டால் போகாதீர்கள். ஆபீசில், பகலில், துணைக்கு ஒரு ஆளோடு.

ஒரு எரிச்சலையும் சொல்லிவிடுகிறேன். தமிழ் சினிமாவுக்குக் கிராமம் என்றால் மதுரைதான். "இஞ்ச வா, அஞ்ச என்ன நிக்கிற" என்று நான் பேசினால், "அம்மா, கொஞ்சம் கிராமத்து ஸ்லாங்ல பேசுங்க" என்பார்கள். நான் கிராமத்திலிருந்துதான் ராத்திரி மன்னை எக்ஸ்பிரசில் வந்து இறங்கியிருப்பேன். சண்டை போடுவதில்லை, அவர்கள் கேட்கிற மதுரையைக் கொடுத்துவிட்டு வருகிறேன். டெல்டாவில் நடக்கிற கதை என்றால் மட்டும் விட்டுக்கொடுப்பதில்லை.

பணத்தில் கண்டிப்பாக இருங்கள். அட்வான்ஸ் கைக்கு வந்த பிறகுதான் ரயில் டிக்கெட். பேட்டா அன்றன்றைக்கு. மீதிப் பாக்கியை டப்பிங்குக்கு முன்னால் வாங்கிவிட வேண்டும். உங்கள் குரல் கிடைத்துவிட்ட பிறகு உங்களை யாரும் தேட மாட்டார்கள். ஒரு கம்பெனி எனக்கு ஒன்பது நாள் சம்பளம் தர வேண்டும். டப்பிங்கை முதலில் முடித்துக் கொடுத்த என் முட்டாள்தனம். அந்த வரி இரண்டாவது நோட்டில் இன்னும் அடிக்கப்படாமல் இருக்கிறது.

படத்துக்குப் பணம்

முதல் படம் இரண்டு வருஷம், 38 நாள் படப்பிடிப்பு, 24 நிமிஷம். மொத்தச் செலவு 1,86,000 ரூபாய். சென்னையில் எடிட்டும் கலரும் சவுண்ட் மிக்ஸும் 45,000, வெளியிலிருந்து வந்த கேமராமேனுக்கு ஒன்பது நாளுக்கு 36,000, பெட்ரோல் 31,000. மீதி டிஸ்க், மைக், சாப்பாடு, சப்டைட்டில், விழாக் கட்டணம். இதுவரை திரும்பி வந்தது 60,000 சொச்சம். நடித்துச் சம்பாதித்ததில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் படத்துக்குப் போடுவதில்லை என்று என் வீட்டுக்காரரிடம் சத்தியம் செய்திருக்கிறேன். இரண்டு நோட்டு வைத்திருப்பதே அதனால்தான்.

வெளியே பணம் கேட்கலாம். பெங்களூரில் இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் தி ஆர்ட்ஸ் கலை சார்ந்த வேலைகளுக்கு நல்கை தருகிறது. கொல்கத்தாவில் டாக்எட்ஜ் என்று, தயாரிப்பாளர்கள் முன்னால் உங்கள் யோசனையைச் சொல்லிப் பணம் தேடுகிற அரங்கம் நடக்கிறது. பழைய கட்டுரைகளில் பிலிம்ஸ் டிவிஷனுக்கு எழுதுங்கள் என்று இருக்கும். 1948இல் தொடங்கிய அந்த அரசு ஆவணப்பட நிறுவனத்தை 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு (என்.எஃப்.டி.சி.) சேர்த்துவிட்டார்கள். விண்ணப்பத்தை முதலில் தமிழில் எழுதுங்கள், அப்புறம் இங்கிலீஷுக்கு மாற்றுங்கள். நான் நேராக இங்கிலீஷில் எழுதியபோது என் லஸ்கர் மாமா ஏதோ "சமூகப் பங்குதாரர்" மாதிரி ஆகிவிட்டார். மூன்று நிமிஷக் காட்சியைக் கூடவே அனுப்புங்கள், அதில் யாராவது ஒருவர் வேலை செய்துகொண்டிருக்கட்டும்.

பணம் கிடைக்கும் வரை காத்திருக்க வேண்டுமா என்று கேட்கிறவர்களுக்குக் கோட்டையூர் ஏ.கே.செட்டியாரைச் சொல்வேன். காந்தியைப் பற்றிய ஆவணப்படத்துக்காக நாடு நாடாக அலைந்து, யார் யாரோ எடுத்த பிலிம் துண்டுகளைச் சேர்த்தார். படம் 1940இல் வெளிவந்தது. அந்தக் காலத்துக் கப்பல் பயணத்தோடு ஒப்பிட்டால் என் பெட்ரோல் செலவு ஒரு பேச்சா.

அனுமதி

ஆற்றுத் தலைப்பில் எடுக்க நீர்வளத்துறைச் செயற்பொறியாளர் அலுவலகத்தில் கடிதம் கொடுங்கள். முத்திரை போட்ட நகலைப் பையிலேயே வைத்திருங்கள். பெரிய கோயில், தாராசுரம் மாதிரி இடங்கள் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருப்பவை. அங்கே முக்காலி விரிப்பதற்கு முன் எழுத்தில் அனுமதி வேண்டும். டிரோனுக்கு 2021 விதிகள். 250 கிராமுக்குக் கீழே என்றால் கெடுபிடி குறைவு, ஆனால் எங்கே பறக்கலாம் என்பதை டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தில் பார்த்தாக வேண்டும். தஞ்சாவூரில் விமானப்படைத் தளம் இருக்கிறது, விளையாட வேண்டாம். அது போக, மேலிருந்து பச்சை வயலைக் காட்டுகிற ஷாட் எல்லோர் படத்திலும் இருக்கிறது. உங்கள் படத்தில் இல்லாவிட்டால் யாரும் தேட மாட்டார்கள்.

யாருக்கு முதலில் காட்டுவது

மும்பை ஆவணப்பட விழா 1990இலிருந்து நடக்கிறது. திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்ர அகாடமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழா 2008இலிருந்து. திருவனந்தபுரத்துக்குப் படம் தேர்வாகாவிட்டாலும் ரயில் ஏறிப் போய் நாலு நாள் பார்த்துவிட்டு வாருங்கள். சப்டைட்டிலுக்குத் தனியாக நேரம் ஒதுக்குங்கள். "கடைமடை" என்ற ஒரு வார்த்தைக்கு நானும் நண்பரும் ஒரு சாயங்காலம் முழுக்க மல்லுக்கட்டினோம்.

ஆனால் முதல் காட்சி ஊரில்தான் வைக்க வேண்டும். நான் நவம்பரில் வைத்து மாட்டிக்கொண்டேன். சம்பா பச்சையாக நிற்கிற நேரம், புரொஜக்டர் வெளிச்சத்துக்கு வயலில் இருந்த பச்சைத் தத்துப்பூச்சி அத்தனையும் வந்து வேட்டித் திரையில் அப்பிக்கொண்டது. பிள்ளைகள் படத்தை விட்டுவிட்டுப் பூச்சி எண்ணினார்கள். பத்தாவது நிமிஷம் நிறுத்தினேன். அறுவடை முடிந்து மார்ச்சில், காய்ந்த களத்தில், இரண்டு வேட்டியைச் சேர்த்துத் தைத்துக் கட்டி மறுபடி போட்டேன். கரண்ட் போகும், இன்வெர்ட்டர் வைத்துக்கொள்ளுங்கள். முன்வரிசையில் பாய் விரித்துவிடுங்கள், நாற்காலி போட்டால் யார் உட்காருவது என்று தகராறு வரும்.

லஸ்கர் மாமா பாயில் உட்காராமல் ஓரமாக, துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றே பார்த்தார். தன் முகம் பெரிதாக வந்தபோது எல்லோரும் கத்தினார்கள், அவர் அசையவில்லை. படம் முடிந்து விளக்குப் போட்டதும் நேராக என்னிடம் வந்தார். எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது.

"அந்த மூணாவது ஷட்டர் அன்னைக்கு முழுசா ஏறல பாத்தியா பாப்பா?" என்றார்.

எடிட் மேசையில் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன், என் கண்ணில் படவே இல்லை. "எங்க மாமா?" என்றேன்.

"திரும்ப ஒரு தடவை போடு. எத்தனை அங்குலம் நிக்கிதுன்னு பாக்கணும்."